பயில்வதும் பயிற்றுவதும்



தமிழ் இலக்கணத்தில் தன்வினை, பிறவினை என்று ஒரு பாகுபாடு உண்டு. பயில்வது தன்வினை, பயிற்றுவது பிறவினை. ஆடுவது தன்வினை, ஆட்டுவிப்பது பிறவினை. வேர் ஒன்றுதான். ஆனாலும் செயல் என்னிலிருந்து இன்னொருவருக்கு இடம் மாறும்போது சொல்லின் வடிவம் மாறுகிறது, புதிதாக ஓர் உறுப்பு வந்து சேர்கிறது. நம் மொழி என்றோ கண்டுகொண்ட இந்த உண்மையை நம் விளையாட்டு உலகம் இன்னும் முழுமையாக ஏற்கவில்லை. நன்றாக ஆடியவருக்கு ஆட்டுவிக்கவும் தானாகத் தெரிந்துவிடும் என்று எண்ணுகிறோம். அதனால் பயிற்சியாளரைத் தேடும்போது அவர் எடுத்த ரன்களை முதலில் எண்ணுகிறோம். இந்த எண்ணம் தவறு என்பதே இன்றைய பொழிவில் நான் நிறுவ விரும்பும் கருத்து. பயிற்றுவித்தல் தனியான இரண்டாம் தொழில். அதற்கு வேண்டிய மூலப்பொருள், தன் ஆட்டத்தைத் தானே பலமுறை பழுதுபார்க்க நேர்ந்தவரிடம் மிகுதியாகக் கிடைக்கிறது. ஆனால் அந்த மூலப்பொருள் கற்றலால் பக்குவப்பட்டாக வேண்டும். பக்குவப்படாதவரை அது வெறும் நினைவுதான்.

நமக்குப் பழக்கமில்லாத ஓர் ஆட்டத்திலிருந்து தொடங்குகிறேன். அமெரிக்க பேஸ்பாலில் சார்லி லாவ் என்று ஒருவர் இருந்தார். முதல்நிலைக் கூட்டணியில் 11 பருவங்கள் ஆடியவர். ஊர் ஊராக, அணி அணியாக மாறியவர். அவருடைய பேட்டிங் சராசரி .255, அதாவது ஆயிரம் வாய்ப்புகளில் 255 முறை பந்தை வெற்றிகரமாக அடித்திருக்கிறார். அந்த ஆட்டத்தின் கணக்கில் இது நடுத்தரமான எண். அவரோடு ஒப்பிட வேண்டியவர் டெட் வில்லியம்ஸ். வாழ்நாள் சராசரி .344, 1941ஆம் ஆண்டில் .406. அடிப்பவர்களில் முதல்வர் என்று இன்றும் பலரால் கொண்டாடப்படுபவர். பிற்காலத்தில் பேட்டிங் பயிற்சியாளர் என்ற பணிக்கே இலக்கணம் வகுத்தவராகப் பெயர் பெற்றவர் லாவ். கான்சாஸ் சிட்டி ராயல்ஸ் அணியில் பயிற்சியாளராக இருந்தபோது, 1974இல் தடுமாறிக்கொண்டிருந்த ஜார்ஜ் பிரெட் என்ற இளைஞரின் நிற்கும் முறையையும் உடல் எடையை முன்காலுக்கு மாற்றும் முறையையும் அடியிலிருந்து திருத்தி அமைத்தார். பிரெட் 1980இல் .390 சராசரியைத் தொட்டார். தம் ஆட்டத்துக்கு லாவ்தான் காரணம் என்று அவர் வாழ்நாள் முழுவதும் சொல்லிவந்தார். தன் மட்டையால் .255க்கு மேல் போக முடியாத ஒருவர், இன்னொருவர் .390ஐத் தொடுவதற்கு வழி காட்டினார். இதை வியப்பென்று சொல்லிக் கடந்துவிடக் கூடாது. ஏன் இப்படி நிகழ்கிறது என்று கேட்க வேண்டும்.

இக்கேள்விக்கு விடை தேட அமெரிக்கா வரை போக வேண்டியதில்லை. 1987-88 பருவத்தில் ரஞ்சிக் கோப்பையை வென்ற தமிழ்நாட்டு அணியைப் பாருங்கள். 1954-55இல் சென்னை மாகாண அணியாக முதன்முறை வென்றபின் 33 ஆண்டுகள் காத்திருந்து கிடைத்த கோப்பை அது. எஸ். வாசுதேவன் தலைமையில், இறுதிப் போட்டியில் ரயில்வே அணியை வீழ்த்தினார்கள். அந்த அணியின் வீரர்களில் டபிள்யூ. வி. ராமன், ராபின் சிங், பரத் அருண் ஆகிய மூவர் பின்னாளில் இந்திய அணிகளுக்குப் பயிற்சியாளர்கள் ஆனார்கள். ராமன் 11, பரத் அருண் 2, ராபின் சிங் 1 என மூவரும் சேர்ந்து ஆடிய டெஸ்ட் போட்டிகள் மொத்தம் 14. ஒரே மாநில அணியிலிருந்து, டெஸ்ட் உலகம் பெரிதும் பயன்படுத்திக்கொள்ளாத மூவர், அதே உலகத்துக்கு ஆசிரியர்களாகத் திரும்பி வந்தார்கள். இது தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை.

ராமனின் ஆட்ட வாழ்க்கையைச் சற்று நின்று பார்ப்போம். 1965இல் சென்னையில் பிறந்தவர். இடக்கைச் சுழற்பந்து வீச்சாளராகத் தொடங்கி, இடக்கை பேட்ஸ்மேனாகத் தன்னை மாற்றிக்கொண்டவர். 1988 ஜனவரியில் சேப்பாக்கத்தில் மேற்கிந்தியத் தீவுகளுக்கு எதிராகத் தம் முதல் டெஸ்டை ஆடி, இரண்டாம் இன்னிங்ஸில் 83 ரன்கள் எடுத்தார். நரேந்திர ஹிர்வானி 136 ரன்கள் கொடுத்து 16 விக்கெட் வீழ்த்திய போட்டி அது. ஆகவே அந்த 83 அன்றே நிழலுக்குள் போயிற்று. 1988-89 ரஞ்சிப் பருவத்தில் 1,018 ரன்கள் குவித்து, ரூசி மோடி 1944-45இல் நிறுவிய 1,008 ரன் சாதனையைக் கடந்தார். அந்தப் பருவத்தில்தான் கோவாவுக்கு எதிராக 313 ரன்கள் எடுத்தார். 1990இல் கிறைஸ்ட்சர்ச் டெஸ்டில் 96இல் ஆட்டமிழந்தார். டெஸ்ட் சதத்துக்கு அதைவிடப் பக்கத்தில் அவர் போகவேயில்லை. 1992 டிசம்பரில் செஞ்சூரியனில் 114 ரன்கள் எடுத்து, தென்னாப்பிரிக்க மண்ணில் ஒருநாள் சதமடித்த முதல் இந்தியர் ஆனார். இத்தனைக்கும் பிறகு அவருடைய டெஸ்ட் சராசரி 24.88, முதல்தரப் போட்டிகளில் 45.62. இவ்விரு எண்களுக்கும் நடுவே உள்ள இடைவெளியைத் தோல்வியின் அளவாகப் படிக்கலாம். நான் அதை ஒரு கல்விக்கூடத்தின் பரப்பளவாகப் படிக்கிறேன். ஒன்பதாண்டு இடைவெளியில் 11 டெஸ்டுகள் என்றால், அணிக்குள் வருவதும் வெளியேறுவதும் மறுபடி வருவதுமாகவே காலம் போயிருக்கிறது. ஒவ்வொரு முறையும் தன் ஆட்டத்தில் எது மேலே செல்லுபடியாகிறது, எது உள்ளூரில் மட்டும் செல்லுபடியாகிறது என்று பிரித்தறியாமல் அவர் திரும்பி வந்திருக்க முடியாது. பயிற்சியாளருக்கு அன்றாடம் தேவைப்படும் அறிவு இதுவேதான்.

ராபின் சிங்கின் கதை வேறு திசையிலிருந்து இதே இடத்துக்கு வருகிறது. டிரினிடாடில் பிறந்து, படிப்புக்காகச் சென்னைக்கு வந்து, இங்கேயே ஊன்றியவர். 1989இல் இரண்டு ஒருநாள் போட்டிகள் ஆடியபின் ஏழாண்டுகள் அவரை யாரும் அழைக்கவில்லை. 1996இல் திரும்பி வந்து, 2001 வரை மொத்தம் 136 ஒருநாள் போட்டிகள் ஆடினார். திரும்பி வந்தபோது அவருக்கு வயது 33. உள்வட்டத்தில் பாய்ந்து தடுக்கும் ஃபீல்டராக, இறுதி ஓவர்களில் அடித்தாடுபவராக, கூட்டணியை உடைக்கும் மித வேகப்பந்து வீச்சாளராக, அணிக்கு எந்த இடத்தில் ஆள் தேவையோ அந்த இடத்துக்குத் தன்னைச் செதுக்கிக்கொண்டார். 1998 ஜனவரியில் டாக்காவில் பாகிஸ்தானுக்கு எதிரான இறுதிப் போட்டியில் 315 ரன்களைத் துரத்தியபோது மூன்றாம் எண்ணில் அனுப்பப்பட்டு 82 ரன்கள் எடுத்தவர் அவர். பிறகு 2007இல் இந்திய அணியின் ஃபீல்டிங் பயிற்சியாளர் ஆனார். மும்பை இந்தியன்ஸ் அணிக்குத் தலைமைப் பயிற்சியாளராகவும், பின்னர் பேட்டிங் பயிற்சியாளராகவும் பணியாற்றினார். பரத் அருணோ இரண்டே டெஸ்டுகளில் 4 விக்கெட் எடுத்தவர். 2012இல் 19 வயதுக்குட்பட்டோர் உலகக் கோப்பையை வென்ற இந்திய அணிக்குப் பயிற்சியாளர். 2018-19லும் 2020-21லும் ஆஸ்திரேலியாவில் தொடரை வென்ற இந்திய அணிக்குப் பந்துவீச்சுப் பயிற்சியாளர். ஹைதராபாத் ரஞ்சி அணியில் அவரிடம் வளர்ந்த முகமது சிராஜ், 2021 ஜனவரியில் பிரிஸ்பேன் டெஸ்டில் 73 ரன்களுக்கு 5 விக்கெட் எடுத்தார்.

ஏன் இப்படி நிகழ்கிறது என்ற கேள்விக்கு விடை நாம் கூடியிருக்கும் இந்த ஊரிலேயே இருக்கிறது. 1949இல் டி.ஐ. சைக்கிள்ஸ் அம்பத்தூருக்கு வந்தது. 1961இல் பாடியில் லூகாஸ் டி.வி.எஸ். தொடங்கியது. 1964இல் அம்பத்தூர் தொழிற்பேட்டை உருவாயிற்று. ஆவடியில் கனரக வாகனத் தொழிற்சாலையிலிருந்து விஜயந்தா டாங்கிகள் வெளிவந்தன. இவ்வளவையும் இயக்க ஃபிட்டர், டர்னர், வெல்டர் என்று பல்லாயிரம் பேர் தேவைப்பட்டார்கள். அவர்களை உருவாக்க ஐ.டி.ஐ.க்கள் வந்தன, 1961இல் அப்ரண்டிஸ் சட்டம் வந்தது. இந்த ஏற்பாட்டில் நம் கவனத்துக்குரிய நுட்பம் ஒன்று உண்டு. நல்ல ஃபிட்டர் என்பதால் மட்டும் ஒருவர் நல்ல இன்ஸ்ட்ரக்டர் ஆகிவிடுவார் என்று நம் தொழிற்கல்வி நம்பவில்லை. பயிற்றுநர்களுக்கென்றே தனிப் பயிற்சித் திட்டம் வகுத்தது. கிண்டியில் உள்ள தேசியத் திறன் பயிற்சி நிறுவனம் அத்தகைய பயிற்சியைத் தருகிறது. ஏற்கெனவே தொழில் தெரிந்தவர் அங்கே போய், தெரிந்த தொழிலைக் கற்றுக்கொடுக்கும் தொழிலைக் கற்கிறார். ஒரு வேலையைப் படிகளாகப் பிரிப்பது எப்படி, எந்தப் படியில் மாணவன் கை நடுங்கும், தவறு எந்த ஓசையில் தெரியும், எப்போது பேசாமல் நிற்க வேண்டும் என்பவையெல்லாம் அங்கே தனிப் பாடம். அரத்தைப் பிடிக்கத் தெரிவது ஓர் அறிவு. இன்னொருவர் கையில் அரம் ஏன் வழுக்குகிறது என்று கண்டு சொல்வது வேறோர் அறிவு.

இயல்பான திறன் உடையவரிடம் முதலாம் அறிவு ஆழமாக இருக்கும். ஆனால் அது பெரும்பாலும் பேச்சற்ற அறிவு. பந்து வீச்சாளரின் கையைவிட்டு விலகிய அரை நொடியில் கால் நகர்ந்துவிடுகிறது, மட்டை இறங்கிவிடுகிறது. எப்படிச் செய்தாய் என்று கேட்டால், பந்தைப் பார்த்தேன், அடித்தேன் என்பதுதான் நேர்மையான பதில். அதைக் கேட்ட 14 வயதுச் சிறுவனுக்குக் கையில் எடுத்துக்கொண்டு போக எதுவும் கிடைப்பதில்லை. தடுமாறி எழுந்தவரின் நிலை வேறு. அவர் தன் பிடியை மாற்றியிருக்கிறார், நிற்கும் இடத்தை மாற்றியிருக்கிறார், மாற்றியது பலிக்காமல் பழையபடியே திரும்பியிருக்கிறார். தானாக நடந்த ஒன்று நின்றுபோன நாளில், அதைப் பிரித்துப் போட்டுப் பார்த்திருக்கிறார். பிரித்துப் பார்த்தவருக்கே பாகங்களின் பெயர் தெரியும். தமிழில் பட்டறிவு என்கிறோம். பட்டு அறிந்த அறிவு. அனுபவம் என்ற சொல்லில் இல்லாத ஓர் அழுத்தம் இதில் இருக்கிறது. படுவது முதற்பாதி, அறிவது மறுபாதி. பட்டும் அறியாமல் போகிறவர்கள் உண்டு என்பதையும் இந்தச் சொல் நமக்கு நினைவூட்டுகிறது.

இதற்கு நான் அறிந்தவற்றுள் மிகத் தெளிவான சான்று ஸ்ரீதரன் ஸ்ரீராம். 1976இல் சென்னையில் பிறந்தவர். இடக்கைச் சுழற்பந்து வீச்சாளராக இளையோர் அணியில் கவனம் பெற்று, பின்னர் பேட்ஸ்மேனாக மாறியவர். 133 முதல்தரப் போட்டிகளில் 9,539 ரன்கள், சராசரி 52.99. இந்தியாவுக்காக ஆடியது 8 ஒருநாள் போட்டிகள் மட்டும். டெஸ்ட் ஒன்றுகூட இல்லை. தமிழ்நாட்டை விட்டுப் பின்னாளில் கோவா, அசாம் என்று வேறு மாநில அணிகளுக்கும் ஆடினார். ஆட்டத்தைப் பிழைப்பாகக் கொண்டு ஊர்விட்டு ஊர் சென்ற கைவினைஞர் என்று அவரைச் சொல்லலாம். அவரை ஆஸ்திரேலியா சுழற்பந்து ஆலோசகராக அமர்த்திக்கொண்டது. 2017 பிப்ரவரியில் புனே டெஸ்ட். இரண்டாம் நாள் மதிய உணவு இடைவேளை வரை ஆஸ்திரேலியாவின் இடக்கைச் சுழற்பந்து வீச்சாளர் ஸ்டீவ் ஓ'கீஃபுக்கு விக்கெட் எதுவும் கிடைக்கவில்லை. பந்து அதிகமாகத் திரும்பியது. திரும்பிய பந்து மட்டையைத் தாண்டிப் போயிற்றே தவிர விளிம்பைத் தொடவில்லை. அணி உணவருந்திய அந்த 40 நிமிடத்தில் ஓ'கீஃப் ஸ்ரீராமுடன் போய்ப் பந்துவீசிப் பார்த்தார். திரும்பி வந்து 35 ரன்களுக்கு 6 விக்கெட் எடுத்தார். இந்தியா கடைசி 7 விக்கெட்டுகளை 11 ரன்களுக்குள் இழந்து 105க்குச் சுருண்டது. இரண்டாம் இன்னிங்ஸிலும் ஓ'கீஃப் அதே 35 ரன்களுக்கு 6 விக்கெட். ஆஸ்திரேலியா 333 ரன் வித்தியாசத்தில் வென்றது. இந்தியாவின் 19 டெஸ்ட் தோல்வியில்லா ஓட்டம் அங்கே முடிந்தது. நம் அணி தோற்ற கதையை இங்கே பெருமையாகச் சொல்ல வேண்டுமா என்று சிலர் நினைக்கலாம். அந்த நிகழ்வில் வெளிப்பட்ட அறிவு எங்கே விளைந்தது என்பதுதான் எனக்கு முக்கியம். உடையும் ஆடுகளங்களில் இடக்கைச் சுழலை ஆண்டுக்கணக்காக எதிர்கொண்ட ஒரு பேட்ஸ்மேனுக்குத் தெரியும், மிகுதியாகத் திரும்பும் பந்து அச்சுறுத்தும், ஆனால் ஆட்டமிழக்கச் செய்வது சற்றே திரும்பும் பந்துதான், திரும்பாமல் நேரே வரும் பந்துதான் என்று. மட்டை பிடித்தவராகப் பட்டதைப் பந்துவீசுபவருக்கு மொழிபெயர்த்துக் கொடுப்பதே அங்கே தேவைப்பட்ட பணி. அந்த மொழிபெயர்ப்புதான் நான் சொல்லும் இரண்டாம் தொழில்.

இந்த வாதத்துக்கு எதிராக எழக்கூடிய தடைகளுள் வலிமையானதை முதலில் எடுத்துக்கொள்கிறேன். மகத்தான ஆட்டக்காரர்கள் மகத்தான பயிற்சியாளர்களாகவும் விளங்கவில்லையா? விளங்கியிருக்கிறார்கள். நான் ஒப்பிட்டுக் காட்டிய டெட் வில்லியம்ஸே 1969இல் வாஷிங்டன் அணியின் மேலாளராகி, முந்தைய ஆண்டு 65 போட்டிகளில் வென்ற அணியை 86 போட்டிகளில் வெல்ல வைத்தார். 2024இல் இருபது ஓவர் உலகக் கோப்பையை வென்ற இந்திய அணியின் தலைமைப் பயிற்சியாளர் ராகுல் திராவிட். 2014இல் இங்கிலாந்தில் 10 இன்னிங்ஸில் 134 ரன்களே எடுத்த விராட் கோலி, 2018இல் அதே நாட்டில் 593 ரன்கள் எடுத்ததற்குப் பின்னணியில் சச்சின் டெண்டுல்கரின் அறிவுரை இருந்ததைக் கோலியே வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறார். இவற்றை மறைத்துவிட்டு வாதிடுவது நேர்மையாகாது. ஆனால் இம்மூன்றையும் கூர்ந்து பாருங்கள். வில்லியம்ஸ் தம் ஆட்டத்தை ஓர் அறிவியல் போல ஆராய்ந்து, சொற்களில் வடித்தவர். திராவிட் நேரே மூத்தோர் அணிக்கு வரவில்லை. 2015 முதல் இந்தியா ‘ஏ’ அணியிலும் 19 வயதுக்குட்பட்டோர் அணியிலும் ஆண்டுக்கணக்கில் பயிற்றுவித்து, இரண்டாம் தொழிலைக் கற்ற பிறகே 2021இல் அப்பொறுப்புக்கு வந்தார். டெண்டுல்கர் கோலிக்கு அளித்தது தேர்ந்த நிபுணர் ஒருமுறை பார்த்துச் சொல்லும் கருத்து. அதை ஆயிரம் பந்துகளில் பழக்கமாக்கும் அன்றாட வேலை வேறு. 2014 முதல் 2024 வரை பெரும்பாலான காலம் அந்த அன்றாட வேலையைச் செய்தவர்கள் சஞ்சய் பாங்கரும் விக்ரம் ரத்தோரும். முறையே 12, 6 டெஸ்டுகள் ஆடியவர்கள். ரத்தோரின் டெஸ்ட் சராசரி 13.10. பெரிய ஆட்டக்காரர் பயிற்றுவிக்க முடியாது என்று நான் சொல்லவில்லை. அவரும் தனியே கற்றுக்கொண்டுதான் அங்கே வந்து சேர்கிறார் என்கிறேன்.

இரண்டாம் தடை தருக்க முறையிலானது. வென்ற சில சாதாரண ஆட்டக்காரர்களைப் பொறுக்கியெடுத்துக் காட்டுகிறீர்கள். ஆட்டத்திலும் ஓங்காமல் பயிற்சியிலும் ஓங்காமல் போன ஆயிரம் பேரை எண்ணினீர்களா என்று கேட்கலாம். சரியான கேள்வி. அதனால்தான் தோல்வியே தகுதி என்று நான் வாதிடவில்லை. துன்பப்பட்டவரெல்லாம் ஆசிரியர் ஆவதில்லை. கசப்பை மட்டும் சேமித்துக்கொண்டு, தமக்குக் கிடைக்காததை மாணவனிடம் கேட்டு வாங்க முயல்பவர்களும் உண்டு. அவர்கள் பயிற்சியால் நன்மையைவிடத் தீங்கே அதிகம். மறுபக்கம் டெண்டுல்கரின் ஆசிரியர் ரமாகாந்த் அச்ரேக்கர் ஆடியது ஒரே ஒரு முதல்தரப் போட்டி. 2003லும் 2007லும் உலகக் கோப்பையை வென்ற ஆஸ்திரேலிய அணியின் பயிற்சியாளர் ஜான் புக்கானன் ஆடியவை ஏழு. ஆட்டக்காரர்களாக அவர்களிடம் பெரிய வெற்றியும் இல்லை, நீண்ட போராட்டமும் இல்லை. கற்றலும் கவனமும் இருந்தன. இவற்றை ஒன்றுசேர்த்தால் கிடைக்கும் முடிவு இதுதான்: ஆட்ட வாழ்க்கையின் உயரம் பயிற்றும் திறனுக்கு அளவுகோல் ஆகாது. பழுதுபார்த்த பட்டறிவு ஒருவருக்கு நல்ல முதல். அந்த முதலைத் தொழிலாக்குவது படிப்பு.

மூன்றாம் தடை இக்காலத்துக்குரியது. கேமராவும் உணரியும் கணினியும் வந்தபின் பட்டறிவுக்கு என்ன இடம்? பூந்தமல்லிச் சாலையிலிருந்து சற்றுத் தொலைவில், போரூர் ஸ்ரீராமச்சந்திராவில் உள்ள விளையாட்டு அறிவியல் மையம் இதற்கு விடை தருகிறது. பந்துவீச்சு முறையைச் சோதிக்கப் பன்னாட்டு கிரிக்கெட் அவை ஏற்ற ஆய்வகம் அது. 2015இல் சுனில் நரைனின் பந்துவீச்சு அங்கேதான் சோதிக்கப்பட்டது. வீசும்போது முழங்கை 15 பாகைக்கு மேல் நிமிர்கிறதா என்பதைக் கண்ணால் தீர்ப்பளிக்க முடியாது; கருவி தீர்ப்பளிக்கும். அது பெரும் முன்னேற்றம், நம் புறநகரின் பெருமை. ஆனால் 15 பாகையைத் தாண்டுகிறது என்ற எண்ணைக் கையில் வாங்கிய வீரருக்கு அடுத்த நாள் காலையில் என்ன செய்வது என்பதை அந்த எண் சொல்வதில்லை. பத்து வயதில் உடம்பில் ஏறிய அசைவை இறக்கிவைத்து, வேறோர் அசைவை ஏற்றும் வரை, விக்கெட்டும் கிடைக்காமல் நம்பிக்கையும் தேயும் பல மாதங்களை அவர் கடக்க வேண்டும். அந்த மாதங்களில் பக்கத்தில் நிற்க, அப்படி ஒரு மாற்றத்தைத் தன் உடம்பில் கடந்தவரைவிடத் தகுந்தவர் யார்? சார்லி லாவும் படச்சுருளையும் வீடியோவையும் பயிற்சிக்குப் பயன்படுத்த முனைந்த முன்னோடிதான். கருவி நோயைக் காட்டும். பத்தியம் காக்க ஆள் வேண்டும்.

நான்காவதாக, புகழ் தரும் அதிகாரத்தைப் பற்றிச் சொல்வார்கள். பேர் பெற்றவர் சொன்னால்தான் வீரர்கள் கேட்பார்கள் என்பது வாதம். முதல் வாரத்துக்கு இது உண்மை. அதன்பின் சொன்னது பலிக்கிறதா என்பதே அதிகாரத்தை முடிவு செய்கிறது. ராமன் 2018 டிசம்பரில் இந்திய மகளிர் அணியின் தலைமைப் பயிற்சியாளர் ஆனார். 2020 பிப்ரவரி 21 அன்று சிட்னியில் இருபது ஓவர் உலகக் கோப்பையின் தொடக்க ஆட்டத்தில், போட்டியை நடத்திய ஆஸ்திரேலியாவையே அந்த அணி 17 ரன்களில் வென்றது. மார்ச் 8 அன்று மெல்போர்னில் 86,174 பேர் கூடியிருந்த இறுதிப் போட்டியில் அதே ஆஸ்திரேலியாவிடம் 85 ரன்களில் தோற்றது. 2021 மே மாதம் அப்பொறுப்பு வேறொருவருக்குச் சென்றது. அந்தத் தோல்வியை நான் மறைக்கவில்லை. ஆனால் 15 வயதில் அணிக்குள் வந்த ஷஃபாலி வர்மாவின் அடித்தாடும் இயல்பை மழுங்கடிக்காமல், உலகக் கோப்பை இறுதி வரை அவரை அப்படியே ஆட விட்ட காலமும் அதுதான். எதை மாற்றக் கூடாது என்று அறிவதும் பயிற்றுவிப்பின் பாதி.

இதெல்லாம் உலகக் கோப்பை அணிகளின் விவகாரம். அம்பத்தூருக்கும் ஆவடிக்கும் இதில் என்ன இருக்கிறது என்று நீங்கள் கேட்கலாம். இருப்பதெல்லாம் இங்கேதான் இருக்கிறது என்பேன். தேசிய அணிக்கு வந்து சேரும் வீரரின் பிடியும் நிலையும் 12 வயதுக்கும் 16 வயதுக்கும் இடையில், ஏதோ ஓர் ஊரின் வலைப்பயிற்சிக் கூடத்தில், பெயர் தெரியாத ஒருவரால் அமைக்கப்பட்டவை. நம் புறநகர்களில் காலையில் கிட் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு மின்சார ரயிலிலும் பேருந்திலும் ஏறும் பிள்ளைகள் ஏராளம். பெற்றோர் ஷிஃப்ட் முடிந்து வந்த களைப்போடு கட்டணத்தை எண்ணிக் கட்டுகிறார்கள். அவர்கள் எதைப் பார்த்து ஒரு பயிற்சிக்கூடத்தைத் தேர்கிறார்கள்? பெரும்பாலும் பலகையில் உள்ள படத்தைப் பார்த்து. படத்தில் இருப்பவரைக் குழந்தை நேரில் பார்ப்பது அரிது. வலைக்குள் நின்று பந்து எறிந்து கொடுப்பவர், சென்னை லீக்கின் கீழ்ப்பிரிவுகளில் பத்தாண்டு ஆடிவிட்டு ஓய்ந்த ஒருவராக இருப்பார். அவரிடம் நான் சொன்ன பட்டறிவு இருக்க வாய்ப்பு மிகுதி. அதைத் தொழிலாக்கும் படிப்பு அவருக்குக் கிடைத்திருக்கிறதா என்பதே கேள்வி. பாட்டியாலாவில் தேசிய விளையாட்டுப் பயிற்சி நிறுவனம் தொடங்கியதும் 1961இல்தான். அப்ரண்டிஸ் சட்டம் வந்த அதே ஆண்டு. அந்தச் சட்டத்தின் பலன் இந்தப் பகுதியின் ஒவ்வொரு தெருவுக்கும் வந்து சேர்ந்தது. விளையாட்டுப் பயிற்றுநர் கல்வி அந்த அளவுக்கு வந்து சேரவில்லை.

ஆகவே மூன்று வேண்டுகோள்களை இந்த அவையின் முன் வைக்கிறேன். பெற்றோர்களே, பயிற்சியாளர் எத்தனை ரன் எடுத்தார் என்று கேட்பதை விட்டுவிட்டு, என்ன படித்திருக்கிறார், ஒரே நேரத்தில் எத்தனை பிள்ளைகளைப் பார்க்கிறார், என் பிள்ளையின் ஆட்டத்தில் எதை மாற்றப் போகிறார், எதை மாற்றாமல் விடப் போகிறார் என்று கேளுங்கள். ஃபிட்டர் பிரிவில் சேர்க்கும்போது இன்ஸ்ட்ரக்டரைப் பற்றி விசாரிக்கும் நீங்கள் இங்கே மட்டும் படத்தோடு நின்றுவிடாதீர்கள். பள்ளி, கல்லூரி நிர்வாகத்தினரே, உங்கள் பகுதியிலேயே லீக் ஆடி ஓய்ந்தவர்கள் இருப்பார்கள். அவர்களைத் தேடிப் பிடித்து, முறையான பயிற்றுநர் தேர்வுகளை எழுத வையுங்கள். ஒரு பருவத்துக்கு ஆகும் செலவு, ஒரு தலைமுறைக்குப் பயன் தரும். மூன்றாவது வேண்டுகோள், முதல் அணியில் இடம் கிடைக்காமல் மனம் சோர்ந்திருக்கும் இளைஞர்களுக்கு. உங்கள் வாய்ப்பு முடிந்துவிட்டதா என்பதை நான் சொல்ல இயலாது. ஆனால் இன்று நீங்கள் படும் ஒவ்வொரு தடுமாற்றத்தையும் ஒரு குறிப்பேட்டில் எழுதி வையுங்கள். எந்தப் பந்துக்கு விழுந்தேன், எதை மாற்றினேன், மாற்றியது எத்தனை நாள் தாங்கியது என்று எழுதுங்கள். ஆட்டம் தொடர்ந்தால் அது உங்களுக்கு உதவும். ஆட்டம் நின்றால் அதுவே உங்கள் பாடநூல்.

பயில்வதிலிருந்து பயிற்றுவதற்குப் போகும்போது சொல்லில் ஓர் உறுப்பு கூடுகிறது என்று தொடக்கத்தில் சொன்னேன். அந்த உறுப்பு தன்னை மறந்து இன்னொருவரின் கையைப் பார்க்கக் கற்பது. புனேயில் அந்த 40 நிமிடத்தில் ஸ்ரீராம் தன் 9,539 ரன்களைப் பற்றிப் பேச நேரமில்லை. எதிரில் நின்றவரின் விரல்களைப் பார்க்கத்தான் நேரம் இருந்தது. அப்படிப் பார்க்கக் கற்றவர்கள் ஆவடியிலும் அம்பத்தூரிலும் பூந்தமல்லியிலும் ஒவ்வொரு மைதானத்துக்கும் ஒருவராவது இருக்கும் நாள் வரவேண்டும். அந்த நாளுக்காக உழைக்க இந்த அவை முன்வர வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.